தோல் சொல்லும் சேதி – 17: தலை மடிந்தால் கையைப் பார்

திருப்பதியிலோ பழநியிலோ முடி காணிக்கை கொடுக்கும்போதுதான் பலருக்குத் தங்கள் தலையின் உண்மையான வடிவம் தெரிகிறது. இந்த வாரம் நாம் பேசும் நிலையையும் பல நேரங்களில் முதலில் பார்ப்பவர் முடிதிருத்துபவர்தான். தலைத்தோல் தடித்து, உழுத சால்போல மேடும் பள்ளமுமாக முன்னிருந்து பின்னே ஓடும். பிடரிப் பக்கம் மடிப்புகள் குறுக்காகத் திரும்பும். விரலால் அழுத்தினாலும் இழுத்தாலும் தட்டையாகாது. மேட்டில் முடி குறைந்து, பள்ளத்தில் வழக்கம்போல இருக்கும்.

1837இல் பிரெஞ்சு மருத்துவர் அலிபெர் இதைப் பதிவு செய்தார். 'க்யூடிஸ் வெர்டிசிஸ் ஜைராட்டா' என்ற பெயரை 1907இல் ஜெர்மானியரான உன்னா வைத்தார். ஆண்களில் லட்சத்துக்கு ஒருவர் என்பது மருத்துவ நூல்கள் தரும் கணக்கு. பெண்களிடம் மிக மிக அரிது. பருவ வயதுக்குப் பிறகு தொடங்கி, பெரும்பாலும் 30 வயதுக்குள் வெளிப்பட்டுவிடும்.

ஜவ்வாது மலையில், வைணு பாப்பு வானாய்வகம் இருக்கும் காவலூர்ப் பக்கத்து இளைஞர் ஒருவருக்கு இப்படி வந்தால், தோல் மருத்துவரைப் பார்க்க ஆலங்காயம் வழியாக வாணியம்பாடிக்கோ திருப்பத்தூருக்கோ மலை இறங்க வேண்டும். ஆனால் அவரைத் தடுப்பது தூரத்தைவிடப் பயமாகவே இருக்கும். பழைய வட ஆற்காடு தொழுநோயால் மிகவும் துன்பப்பட்ட பகுதி. வேலூர் சி.எம்.சி.யில் பால் பிராண்ட் மடங்கிய விரல்களை நிமிர்த்தும் அறுவை சிகிச்சையை வளர்த்தெடுத்ததும், கரிகிரியில் தொழுநோய் ஆய்வு மையம் எழுந்ததும் அதனால்தான். தோல் தடித்தாலே பெரியவர்கள் மனம் அங்கே போவதில் வியப்பில்லை.

அந்தப் பயத்துக்குத் தெளிவான பதில் உண்டு. தொழுநோய்க் கிருமி உடலின் குளிர்ந்த இடங்களையே நாடும். காது மடல், மூக்கு, கை கால்கள் அதன் இலக்கு. வெதுவெதுப்பான தலைத்தோல் பெரும்பாலும் தப்பிவிடும். தொழுநோய்த் தேமல் உணர்ச்சி இழக்கும். இந்த மடிப்புகளில் தொட்டால் உணர்ச்சி இருக்கும். இது யாருக்கும் தொற்றாது. தெய்வக் குற்றமும் அல்ல.

பலருக்கு மடிப்பைத் தவிர வேறு குறையே இருக்காது. சிலருக்கு வலிப்போ, மனவளர்ச்சிக் குறைபாடோ, கண் கோளாறோ சேர்ந்து வரும். இன்னும் சிலரிடம் தலை வெறும் அறிகுறி. நோய் வேறிடத்தில் இருக்கும். அதனால்தான் நல்ல மருத்துவர் தலையைப் பார்த்துவிட்டு, "கையை நீட்டுங்க தம்பி" என்பார். மோதிரம் இறுகி, செருப்பு அளவு கூடி, தாடை முன்தள்ளியிருந்தால் பிட்யூட்டரி சுரப்பியில் கட்டி இருந்து வளர்ச்சி ஹார்மோன் மிகையாகச் சுரக்கலாம். ரத்தப் பரிசோதனையும் எம்.ஆர்.ஐ. ஸ்கேனும் அதைக் காட்டிவிடும். விரல் நுனிகள் உருண்டு, உள்ளங்கை ஓயாமல் வியர்த்து, மூட்டும் வீங்கினால் அது பேக்கிடெர்மோபெரியோஸ்டோசிஸ் என்ற மரபு நோயாக இருக்கலாம். புரோஸ்டாகிளாண்டின் இ2 என்ற பொருளை உடைக்க உதவும் மரபணு பழுதாவது இதற்கு ஒரு காரணம் என்று 2008இல் தெரியவந்தது. பெற்றோர் இருவரிடமிருந்தும் பழுதான மரபணு வந்தால் வரும் நோய் என்பதால், அக்காள் மகளையும் மாமன் மகளையும் கட்டும் நம் வழக்கத்தை இங்கே பேசாமல் விட முடியாது. அத்தகைய குடும்பங்களில் இதற்கான வாய்ப்பு கூடும்.

பிறந்ததிலிருந்தே ஒரு பக்கம் மட்டும் மடிந்திருந்தால் அது மச்ச வகையாக இருக்கலாம். அபூர்வமாகப் புற்றாக மாறக்கூடியது என்பதால் அதைக் கண்காணிக்க வேண்டும்.

அன்றாடத் தொல்லை பள்ளங்களில்தான். எண்ணெயும் வியர்வையும் தூசியும் அங்கே தங்கி நாறும், புண்ணாகும். எண்ணெய் அப்புவதை நிறுத்தி, பள்ளம் பள்ளமாக ஷாம்பு தேய்த்து அலசி, ஈரம் போகத் துடைத்தாலே பாதித் துன்பம் குறையும். சீழ் கண்டால் மருத்துவரிடம் போக வேண்டும்.

மடிப்பை வெட்டி எடுக்கும் அறுவை சிகிச்சை உண்டு. பரப்பு அதிகமென்றால் பக்கத்துத் தோலுக்கடியில் சிலிகான் பை வைத்து, வாரக்கணக்கில் உப்புநீர் ஏற்றித் தோலை விரித்த பிறகு மூடுவார்கள். வெறும் அழகுக்காகச் செய்வது என்று இதை ஒதுக்குபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. தலையில் துண்டு கட்டாமல் வாசல் தாண்டாத இருபது வயதுப் பிள்ளைக்கு அது வைத்தியமேதான்.

(தொடரும்)