கோலிக்குண்டு தலைகீழாக ஓடும், தெரியுமா?

வழக்கமான ரோலர் கோஸ்டர் பெட்டிகளில் எஞ்சினே கிடையாது, தெரியுமா? முதல் மேட்டின் உச்சி வரை ஒரு சங்கிலி இழுத்துக்கொண்டு போய் விடும். அவ்வளவுதான்! அப்புறம் வருகிற பள்ளம், வளைவு, குட்டிக்கரணம் எல்லாமே அந்த ஒற்றை உயரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகச் செலவழித்து ஓடுவதுதான். அதனால்தான் முதல் மேட்டைவிட உயரமான மேடு பின்னால் வரவே வராது!

இதற்குப் பிரெஞ்சுக்காரர்கள் வைத்த பெயர் 'ரஷ்ய மலைகள்'. பனிச்சறுக்கு மேடை கட்டி விளையாடிய ரஷ்யர்களைப் பார்த்து வந்த பெயர். அந்த ரஷ்யர்களோ 'அமெரிக்க மலைகள்' என்கிறார்கள்!

சரி, இதே வித்தையை வீட்டுக் கூடத்தில் ஒரு கோலிக்குண்டை வைத்துக் காட்டலாம், தெரியுமா? போன மாதம் அண்ணன் மகனுக்குப் பள்ளியில் அறிவியல் கண்காட்சி. ஏசி மெக்கானிக்குகள் செம்புக் குழாய்க்கு மேல் மாட்டுவார்களே, கறுப்பு ஃபோம் குழாய், அதில் இரண்டு மீட்டர் வாங்கினோம். நீளவாக்கில் பிளந்தால், கோலி ஓட அளவெடுத்துச் செய்தது போல இரண்டு வாய்க்கால்! ஒரு முனையை பீரோ கதவில் டேப் போட்டு ஒட்டி, நடுவில் 20 செ.மீ. உயரத்துக்கு ஒரு வட்டம் வளைத்தோம். கோலியை 25 செ.மீ. உயரத்திலிருந்து விட்டான்.

"சித்தப்பா, மேல போனதும் பொத்துனு விழுந்துடுது!"

விழத்தான் செய்யும். உச்சியை எட்டினால் மட்டும் போதாது. அங்கேயும் தடத்தை அழுத்திக்கொண்டு ஓட வேகம் மிச்சமிருக்க வேண்டும். உராய்வில்லாமல் வழுக்கி வரும் பொருளுக்கே வட்டத்தின் ஆரத்தைப்போல் இரண்டரை மடங்கு உயரம் தேவை. உருளும் கோலிக்கோ 2.7 மடங்கு! ஏன் தெரியுமா? கோலி தன்னைத்தானே சுற்றிக்கொண்டல்லவா வருகிறது? அதன் இயக்க ஆற்றலில் ஏழில் இரண்டு பங்கு அந்தச் சுழற்சிக்கே போய்விடுகிறது! கோலி கண்ணாடியானாலும் இரும்பானாலும் இந்தக் கணக்கு மாறாது என்பது இன்னும் பெரிய ஆச்சரியம்.

ஆக, எங்களுக்குத் தேவை 27 செ.மீ. ஆனால் ஃபோமின் உராய்வு தன் பங்கைக் கேட்குமே! டேப்பைப் பிய்த்து ஒட்டி, பிய்த்து ஒட்டி, சென்டிமீட்டர் சென்டிமீட்டராக ஏற்றினோம். 41 செ.மீ.யில் சர்ரென்று ஒரு முழுச் சுற்று! பையன் போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டுப் பாட்டி எட்டிப் பார்த்தார்.

கோலிக்குச் சரி, மனிதர்களுக்கு முழு வட்டம் ஆகாது, தெரியுமா? உச்சியை மயிரிழையில் தாண்டும் வேகத்தோடு வட்டத்துக்குள் நுழைந்தாலே, அந்தக் கணமே உடல் எடை ஆறு மடங்காக அழுத்தும். 50 கிலோ ஆள் 300 கிலோவாகிவிடுவார்! நியூயார்க்கின் கோனி ஐலண்டில் 1895இல் வந்த 'ஃபிளிப் ஃபிளாப்' அப்படியொரு முழு வட்டம்தான். ஏறியவர்களின் கழுத்தைப் பதம் பார்த்தது. விடை கலிஃபோர்னியாவில், 1976இல் திறந்த 'ரெவல்யூஷன்' ரோலர் கோஸ்டரில் வந்தது. வெர்னர் ஷ்டெங்கல் என்ற ஜெர்மன் பொறியாளர் வட்டத்தைக் கண்ணீர்த்துளி வடிவமாக மாற்றினார்: கீழே அகலம், மேலே ஒடுக்கம். ரயில் பாதையை நேர்க்கோட்டிலிருந்து வளைவுக்கு மெல்லத் திருப்புகிறார்களே, அதே கிளாதாய்டு வளைவு!

இதைச் சொன்னதுதான் தாமதம், பையன் எங்கள் வட்டத்தின் உச்சியைக் கிள்ளி ஒடுக்கிவிட்டான். உயரம் அதே 20 செ.மீ.தான். ஆனால் உச்சியில் ஆரம் சுருங்கினால் அங்கே தேவைப்படும் வேகமும் குறையும். மறுபடி டேப், மறுபடி கோலி. நோட்டில் 41 என்று எழுதியிருந்ததை அடித்துவிட்டு, பக்கத்தில் 36 என்று எழுதினான்.