உங்களுக்குத் தெரியுமா? – ஆண்டாள் தரும் விடை

மொத்தம் எத்தனை பாடல் என்று தெரியாத ஒரு தொகுப்பு. அதிலிருந்து 30 பாடல்களை எடுக்கும் வழிகளும் 143 பாடல்களை எடுக்கும் வழிகளும் சம எண்ணிக்கை. இந்த ஒரு குறிப்பே போதும், மொத்தம் 173!

• ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் பாடியவையும் 173தான்: திருப்பாவை 30, நாச்சியார் திருமொழி 143.

• காரணம் எளிது. 30ஐ எடுத்தால் 143 தானே ஒதுங்கிவிடும். ஒவ்வொரு தேர்வும் ஓர் ஒதுக்கல். சமமான இரு சேர்வுகளில் (தேர்ந்தெடுக்கும் வழிகளின் எண்ணிக்கைகளில்) எண்கள் வேறானால் அவற்றைக் கூட்டினால் போதும். எவ்வளவு அழகான சமச்சீர்!

• திருப்பாவையில் 28 பாசுரங்களைத் தேர்ந்தெடுக்க 435 வழிகள். விடப்போகும் இரண்டை எண்ணுங்கள்: 30 × 29 ÷ 2.

• சேர்வுகளுக்கான பொதுச் சூத்திரத்தை கி.பி. 850 வாக்கிலேயே தந்தவர் கன்னட நாட்டுச் சமணக் கணிதர் மகாவீரர்.

• ராஜபாளையத்து பிளஸ் ஒன் மாணவர்களே, அடுத்தது உங்களுக்கு: 12க்கும் 461க்கும் சேர்வுகள் சமம். மொத்தம்? பெரியாழ்வார் பாசுரங்களை எண்ணிச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.