உப்பில் கலந்த குப்பை

"உப்பில்லாப் பண்டம் குப்பையிலே" என்பது நம் நாட்டுப் பழமொழி. நம் பாட்டிமார் அடுக்களையில் அன்றாடம் வழங்கிய மொழி அது. அதனைச் சற்றே மாற்றிச் சொல்லவேண்டிய காலம் இன்று வந்துவிட்டது. குப்பை உப்பிலேயே புகுந்துவிட்டது! வேடிக்கைக்காகச் சொல்லவில்லை, நண்பர்களே. உருப்பெருக்கியின் கீழ் வைத்து விஞ்ஞானிகள் கண்ட உண்மை இது.

தூத்துக்குடி உப்பை அறியாத தமிழர் இல்லை. அந்த உப்பை ஆராய்ந்த விஞ்ஞானிகளின் முடிவு 2020-ஆம் ஆண்டில் வெளிவந்தது. கடல்நீரைப் பாத்தியில் பாய்ச்சி விளைவித்த உப்பு, ஆழ்துளைக் கிணற்று நீரைப் பாய்ச்சி விளைவித்த உப்பு ஆகிய இரண்டையும் அவர்கள் கரைத்து வடிகட்டிப் பார்த்தனர். இரண்டிலும் பிளாஸ்டிக் துகள்கள் இருந்தன. கடல்நீர் உப்பில் மிகுதி. கிணற்றுநீர் உப்பில் குறைவு. 2024-ஆம் ஆண்டில் டில்லியிலுள்ள 'டாக்ஸிக்ஸ் லிங்க்' என்னும் அமைப்பு, நம் நாட்டுக் கடைகளில் விற்கும் 10 வகை உப்பையும் 5 வகைச் சர்க்கரையையும் சோதித்தது. அவற்றுள் ஒன்றேனும் தூயதாக இல்லை. அனைத்திலும் நுண்ணிய பிளாஸ்டிக் இருந்தது.

"இருக்கட்டுமே! ஹப்சிகுடாவில் இருந்துகொண்டு கடலைப் பற்றி நாம் கவலைப்படுவானேன்? ஓர் இரவு ரயிலில் பயணம் செய்தாலன்றோ மசூலிப்பட்டணத்துக் கடலைக் காண முடியும்?" என்று நண்பர் சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். அதற்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

யானையைக் காக்க வந்த பொருள்

பிளாஸ்டிக்கின் கதை ஒரு விந்தையான கதை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மேல்நாட்டார் பில்லியர்ட்ஸ் பந்துகளை யானைத் தந்தத்தில் செய்துவந்தனர். தந்தம் அருகியது, விலையும் ஏறியது. அதற்கு மாற்றாக ஒரு பொருளைத் தேடிய அமெரிக்கரான ஜான் வெஸ்லி ஹயாட், செல்லுலாய்டை உருவாக்கினார். 1907-இல் லியோ பேக்லண்ட் என்பவர் பேக்கலைட்டைக் கண்டார். முற்றிலும் ரசாயனச் சேர்க்கையால் பிறந்த முதல் பிளாஸ்டிக் அது. 1933-இல் இங்கிலாந்தில் வேறொரு சோதனை செய்துகொண்டிருந்தவர்களுக்குத் தற்செயலாகக் கிட்டியதே பாலித்தீன். இன்று நம் கையில் தொங்கும் பையெல்லாம் அதன் வழித்தோன்றல்கள்.

மரத்தைப் போல் உளுத்துப் போவதில்லை, இரும்பைப் போல் துருப்பிடிப்பதில்லை, மண்ணைப் போல் உடைவதில்லை, விலையும் மலிவு. உலகம் அதனை விரும்பி வரவேற்றதில் வியப்பில்லை. 1950-ஆம் ஆண்டில் உலகில் உற்பத்தியான பிளாஸ்டிக் ஏறத்தாழ 20 லட்சம் டன். 2015-ஆம் ஆண்டிலோ ஏறத்தாழ 38 கோடி டன்! அதுவரை சேர்ந்த கழிவு மட்டும் 630 கோடி டன் என்று கணக்கிட்டுள்ளனர். அதில் மறுபடியும் பயன்படுத்தப்பட்டது நூற்றுக்கு 9 பங்கு. எரிக்கப்பட்டது 12 பங்கு. எஞ்சிய 79 பங்கும் குப்பைமேட்டிலோ, ஆற்றிலோ, கடலிலோ கிடக்கிறது.

ஏன் அழிவதில்லை? பருத்தியையும் மரத்தையும் தின்று செரிக்கக் கோடிக்கணக்கான ஆண்டுகளாகப் பழகியவை நுண்ணுயிர்கள். பிளாஸ்டிக்கோ நேற்று வந்த விருந்தாளி. அதன் நீண்ட கரியணுச் சங்கிலியை அறுக்கும் கத்தரிக்கோல் பெரும்பாலான நுண்ணுயிர்களிடம் இல்லை. ஆகவே அது மக்குவதில்லை. ஆனால் நொறுங்குகிறது! வெயிலிலுள்ள புற ஊதாக் கதிர்கள் பட்டு அது மொரமொரப்பாகிறது. அலையும் மணலும் அதை உரைக்கின்றன. ஒன்று பத்தாகி, பத்து ஆயிரமாகி, கண்ணுக்குத் தெரியாத துகளாகிறது. பொருள் அழியவில்லை, நம் பார்வைக்கு மறைந்துவிட்டது. அவ்வளவே.

5 மில்லிமீட்டருக்குக் குறைந்த துண்டுகளை 'நுண்பிளாஸ்டிக்' என்கின்றனர். சார்காசோக் கடலில் இத்தகைய துகள்கள் மிதப்பதை 1972-லேயே அமெரிக்க ஆராய்ச்சியாளர் எழுதினர். எனினும் உலகின் கவனத்தை ஈர்த்தவர், 2004-இல் இதற்குப் பெயரிட்டுக் கட்டுரை எழுதிய இங்கிலாந்தின் பிளிமத் பல்கலைக்கழகப் பேராசிரியர் ரிச்சர்டு தாம்ஸன் ஆவார்.

ஹப்சிகுடாவிலிருந்து வங்கக் கடலுக்கு

ஞாயிற்றுக்கிழமை காலையில் நாம் சட்டை துவைக்கிறோம். அது பாலியெஸ்டர் சட்டை. பாலியெஸ்டர் என்பது நூலாக இழுத்த பிளாஸ்டிக்கேயன்றி வேறன்று. துவைக்கும்போது அதிலிருந்து இழைகள் உதிர்கின்றன. அக்ரிலிக் துணி 6 கிலோவை ஒருமுறை இயந்திரத்தில் துவைத்தால் 7 லட்சத்துக்கும் மேற்பட்ட இழைகள் வெளிவரக்கூடும் என்று 2016-இல் பிளிமத் ஆராய்ச்சியாளர் கணக்கிட்டனர். உப்பல் செல்லும் சாலையில் இரவும் பகலும் ஓடும் வண்டிகளின் டயர்கள் தேய்கின்றன. தேய்ந்தது எங்கே போயிற்று? சாலையோரத் தூசியில்தான் இருக்கிறது. முதல் மழையில் அது சாக்கடைக்கு வருகிறது. நுண்வடிவிலேயே கடலை அடையும் பிளாஸ்டிக்கில் துணி துவைப்பதால் வருவது நூற்றுக்கு 35 பங்கு, டயர் தேய்வதால் வருவது 28 பங்கு என்பது 2017-இல் வெளியான ஓர் உலகளாவிய மதிப்பீடு.

சாக்கடை நீர் மூசியாற்றைச் சேர்கிறது. விகாராபாத் அருகே அனந்தகிரி மலையில் தெளிந்த நீராகப் பிறக்கும் மூசி, நகரத்தைக் கடக்கும்போது நகரத்தின் கழிவையெல்லாம் ஏற்றுக்கொள்கிறது. அம்பர்பேட்டை போன்ற இடங்களில் சுத்திகரிப்பு நிலையங்கள் இருக்கின்றன. நல்ல சுத்திகரிப்பு நிலையம் துகள்களில் பெரும்பகுதியைத் தடுத்துவிடும் என்பதும் உண்மையே. ஆனால் தடுக்கப்பட்டது மறைந்துவிடுவதில்லை. அடியில் தங்கும் சேற்றில் தேங்குகிறது. அந்தச் சேறு வயலுக்கு எருவாகப் போனால், துகளும் வயலுக்குப் போகிறது.

தப்பிய துகள்கள் மூசியுடன் கிழக்கே செல்கின்றன. வாடப்பள்ளியில் மூசி கிருஷ்ணையோடு கலக்கிறது. கிருஷ்ணை விஜயவாடாவின் பிரகாசம் அணையைத் தாண்டி, அம்சலதீவியில் வங்கக் கடலைச் சேர்கிறது. வழியிலுள்ள நீர்த்தேக்கங்களில் பெரும்பகுதி படிந்துவிடலாம். ஆயினும் படிந்தது என்றும் படிந்தே கிடக்கும் என்று எண்ணற்க. இங்கிலாந்தில் மான்செஸ்டர் நகரைச் சுற்றியுள்ள ஆறுகளை ஆராய்ந்தவர்கள், வெள்ளம் வந்தபோது ஆற்றுப்படுகையிலிருந்த நுண்பிளாஸ்டிக்கில் ஏறத்தாழ 70 சதவீதம் அடித்துச் செல்லப்பட்டதை 2018-இல் அறிவித்தனர். 2020 அக்டோபரில் ஹப்சிகுடாத் தெருக்களில் வெள்ளம் புகுந்ததை இங்குள்ளோர் மறந்திருக்கமாட்டார்கள். அந்த நீர் தெருவிலிருந்து எதையெதை வாரிக்கொண்டு போயிற்று என்பதை எண்ணிப் பாருங்கள்.

வடகிழக்குப் பருவக்காற்றுக் காலத்தில் வங்கக் கடலின் கரையோர நீரோட்டம் ஆந்திரக் கரையிலிருந்து தெற்கு நோக்கித் தமிழகக் கரை வழியே ஓடுகிறது. என் சட்டையின் இழைதான் தூத்துக்குடி உப்பில் இருக்கிறது என்று யாரும் நிரூபிக்க முடியாது. நானும் அவ்வாறு கூறவில்லை. ஆனால் கடல் ஒன்றே. பாத்தியில் நீர் ஆவியாகிறது, உப்பு தங்குகிறது, ஆவியாகாத பிளாஸ்டிக்கும் உடன் தங்குகிறது. கிணற்று நீர் உப்பில் துகள் குறைந்திருப்பதற்கு, மண் ஒரு வடிகட்டியாக இருப்பதே காரணமாகலாம். இப்படியாக, நாம் ஊருக்கு அனுப்பிய குப்பை உப்பு மூட்டையில் ஏறி நம் விடுதிச் சாம்பாருக்கே திரும்பி வரக்கூடும்.

இரண்டு கப்பல்கள்

துளித்துளியாகச் சேர்வது ஒருபுறம். ஒரே நாளில் கொட்டிய கதைகளும் உண்டு. 2021 மே 20-ஆம் நாள் கொழும்புக்கு அப்பால் 'எக்ஸ்பிரஸ் பேர்ல்' என்ற சரக்குக் கப்பல் தீப்பற்றியது. பல நாள் எரிந்து பின்னர் மூழ்கியது. பிளாஸ்டிக் சாமான்கள் செய்வதற்கு மூலப்பொருளான, துவரம்பருப்பு அளவுள்ள மணிகள் ஏறத்தாழ 1,680 டன் அதில் இருந்தன. நீர்கொழும்பு முதலிய கடற்கரைகளில் மணலுக்கு மேல் வெண்பனி பெய்தாற்போல் அவை ஒதுங்கின. மீனவர் வலை வீச முடியாமல் வறுமையுற்றனர். 2025 ஜூலையில் இலங்கையின் உச்ச நீதிமன்றம், கப்பலுக்குரியோர் 100 கோடி அமெரிக்க டாலர் இழப்பீடு தரவேண்டும் என்று தீர்ப்பளித்தது.

அத்தீர்ப்பு வருவதற்கு இரண்டு மாதம் முன்னர், 2025 மே 25-ஆம் நாள், கொச்சிக்கு அப்பால் 'எம்.எஸ்.சி. எல்ஸா 3' என்ற கப்பல் மூழ்கியது. அதிலிருந்த பிளாஸ்டிக் மணிகள் திருவனந்தபுரம் கரையிலும் நம் கன்னியாகுமரிக் கரையிலும் ஒதுங்கின. மணலில் கலந்த மணியை முழுவதும் பொறுக்கியெடுக்க எந்த இயந்திரத்தாலும் இயலாது. மக்கள் முறமும் சல்லடையும் கொண்டு சலித்தனர். இருபத்தோராம் நூற்றாண்டின் விபத்துக்கு நம் வீட்டு முறமே மருந்தாயிற்று!

கடலுயிர்களும் நாமும்

கடலில் மிதக்கும் நுண்ணிய உயிரினங்கள் துகளை இரையென எண்ணி விழுங்குகின்றன. வயிறு நிறைகிறது, ஊட்டம் கிட்டுவதில்லை. அவற்றைச் சிறுமீன் தின்கிறது. சிறுமீனைப் பெருமீன் தின்கிறது. உலகின் ஆழமான பகுதியாகிய மரியானா அகழியில் வாழும் இறால் போன்ற உயிர்களின் குடலிலும் செயற்கை இழைகள் இருப்பதை 2019-இல் கண்டனர். மேலும், கடல்நீரில் கரைந்துள்ள பூச்சிமருந்து முதலிய நச்சுப் பொருள்கள் பிளாஸ்டிக்கில் ஒட்டிக்கொள்கின்றன. சுற்றியுள்ள நீரில் இருப்பதைவிடப் பத்து லட்சம் மடங்குவரை அவை துகளில் செறியக்கூடும் என்று 2001-இல் ஜப்பானிய ஆராய்ச்சியாளர் காட்டினர். பெரிய மீனின் குடலை நாம் நீக்கிவிட்டு உண்கிறோம். மட்டியையும் சிறு கருவாட்டையும் அவ்வாறு உண்பதில்லை என்பதை நினைவிற்கொள்க.

மனித உடலுக்கு என்ன தீங்கு? இங்கேதான் நாம் நிதானமாக நடக்கவேண்டும். 2021-இல் இத்தாலியில் தாய்மார் அறுவரின் நஞ்சுக்கொடியைச் சோதித்ததில் நால்வருடையதில் துகள்கள் இருந்தன. 2022-இல் நெதர்லாந்தில் 22 பேரின் இரத்தத்தைச் சோதித்ததில் 17 பேரிடம் பிளாஸ்டிக் இருந்தது. 2024-இல் இத்தாலிய மருத்துவர்கள், கழுத்துத் தமனியில் அடைப்பு நீக்கப்பட்ட 257 நோயாளிகளைத் தொடர்ந்து கவனித்தனர். 150 பேரின் அடைப்பில் பாலித்தீன் இருந்தது. அடைப்பில் பிளாஸ்டிக் இருந்தவர்களுக்கு மாரடைப்போ, பக்கவாதமோ, மரணமோ நேரும் அபாயம், இல்லாதவர்களைவிட ஏறத்தாழ 4½ மடங்கு மிகுந்திருந்தது.

அப்படியாயின் பிளாஸ்டிக்தான் மாரடைப்புக்குக் காரணமா? அந்த ஆராய்ச்சி அவ்வாறு கூறவில்லை. இரண்டும் சேர்ந்திருந்தன என்று மட்டுமே கூறிற்று. குடித்தனமும் குடையும் சேர்ந்திருப்பதனால் குடை குடித்தனத்தை உண்டாக்கியது என்று சொல்லலாமா? தீங்கின் அளவை முடிவாகச் சொல்லப் போதிய சான்று இன்னும் இல்லை என்று உலக சுகாதார நிறுவனமும் 2019-இலும் 2022-இலும் கூறியுள்ளது. நாம் வாரந்தோறும் 5 கிராம் பிளாஸ்டிக் தின்கிறோம் என்று பரவிய கணக்கும் மிகையென்று பின்வந்தோர் காட்டினர். அச்சத்தைப் பெருக்குவது விஞ்ஞானம் அன்று. அதேபோல், சான்று முழுமையாகட்டும் என்று கைகட்டி நிற்பதும் அறிவன்று. கடலில் கலந்ததைத் திரும்ப எடுக்க வழியில்லை. ஆகையால் கலக்காமல் காப்பதே முறை.

நாம் செய்யத்தக்கது

நம் நாட்டரசு ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பொருள்கள் பலவற்றை 2022 ஜூலை முதல் நாளிலிருந்து தடைசெய்தது. தமிழக அரசு அதற்கும் முன்பே, 2019-இல் தடை விதித்தது. பின்னர் மஞ்சள் பையை மீண்டும் கைக்குக் கொண்டுவந்தது. உலக நாடுகள் ஓர் ஒப்பந்தம் செய்துகொள்ள 2022-இல் நைரோபியில் முடிவு செய்தன. ஆயினும் 2024-இல் பூசானிலும் 2025-இல் ஜெனீவாவிலும் கூடிப் பேசி, உடன்பாடின்றியே கலைந்தன. பெரியோர் பேசி முடிக்கட்டும். விடுதி அறையில் நாம் தொடங்கலாமே?

மாலைத் தேநீரை எடுத்துக்கொள்வோம். காகிதக் கோப்பை என்று நாம் நம்புவதன் உட்புறத்தில் மெல்லிய பிளாஸ்டிக் பூச்சு உண்டு. கரக்பூர் ஐ.ஐ.டி. ஆராய்ச்சியாளர் 2020-இல் கண்டது: அதில் 100 மில்லிலிட்டர் வெந்நீரை 15 நிமிடம் வைத்தால் ஏறத்தாழ 25,000 நுண்துகள்கள் நீரில் இறங்குகின்றன. இரானி டீக்கடைப் பீங்கான் கோப்பை இந்நகரத்தின் பெருமையன்றோ? அதிலேயே குடிப்போம்! இந்நகரில் நிலத்தடி நீர் கடினமானது. கடின நீரைக் கொதிக்கவைத்து வடிகட்டினால் அதிலுள்ள துகள்களில் 90 சதவீதம்வரை சுண்ணப்படிவோடு சேர்ந்து நீங்கக்கூடும் என்று 2024-இல் சீன விஞ்ஞானிகள் கண்டுள்ளனர். நீரைக் காய்ச்சி வடிகட்டிக் குடி என்று நம் அன்னையர் சொன்னது வீண்போகவில்லை. இயன்றவரை பருத்தி உடுத்துவோம். செயற்கைத் துணியைத் தேவைக்கு மேல் துவையாதிருப்போம். கடைக்குப் பையோடு செல்வோம்.

இவை சிறு காரியங்கள். பெருங்காரியம் ஒன்றும் நமக்கு உண்டு. புவிப்பௌதிகம், உயிரணுவியல், ரசாயனம், ஊட்டச்சத்து ஆகிய நான்கு துறைக்கும் தேசிய ஆராய்ச்சி நிலையங்கள் நம் ஹப்சிகுடாவிலும் தார்நாக்காவிலுமே நிமிர்ந்து நிற்கின்றன. துகளை அளப்பதும், அதன் தீங்கை அறிவதும், மக்கும் மாற்றுப் பொருளைப் படைப்பதும் இந்நான்கு துறையும் கைகோக்கவேண்டிய பணி. அவ்வழியே நாள்தோறும் நடந்து செல்லும் தமிழ் மாணவருள் ஒருவரேனும் அப்பணியில் இறங்குவாராயின், உப்பிட்டவரை உள்ளளவும் நினைக்கும் நம் மரபுக்கு அதைவிடச் சிறந்த நன்றி வேறில்லை. நமக்கு உப்பிட்டது கடல். அதனை மறவாதிருப்போமாக!