மோட்டார் வாங்கும் முன் பின்பலகையை அளந்து பாருங்கள்



கிணற்றுப் பாசனம் செய்கிறவர்களுக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். கோடையிலே தண்ணீர் இறங்கி, ஃபுட்வால்வு வெளியே தெரிய ஆரம்பித்தால் என்ன ஆகும்? பம்பு காற்றை இழுக்கும். மோட்டார் ஓடுகிற சத்தம் மட்டும் பலமாகக் கேட்கும். வாய்க்காலிலே ஒரு சொட்டுத் தண்ணீர் வராது. உங்கள் படகின் பின்னால் தொங்குகிற அவுட்போர்டு மோட்டாருக்கும் அதன் கால் குட்டையாக இருந்தால் இதே கதிதான். கிணற்றிலே நடந்தால் பயிர் வாடும். அலை உடைகிற இடத்திலே நடந்தால் ஆளுக்கே ஆபத்து.

மோட்டார் வாங்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது, "எத்தனை குதிரைச் சக்தி?" என்பதுதான். அடுத்து, "என்ன விலை?" என்று கேட்கிறார்கள். "ஷாஃப்ட் என்ன நீளம்?" என்று கேட்கிறவர்கள் குறைவு. ஆனால் படகுக்கும் மோட்டாருக்கும் பொருத்தம் பார்ப்பது இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது. இது பொருந்தாவிட்டால் எத்தனை குதிரைச் சக்தி இருந்தும் பிரயோஜனம் இல்லைங்க.

சிறு படகுகளுக்கான மோட்டார்கள் பொதுவாக மூன்று நீளங்களில் வருகின்றன. குட்டை ஷாஃப்ட் 15 அங்குலம், அதாவது சுமார் 38 சென்டிமீட்டர். நீள ஷாஃப்ட் 20 அங்குலம், சுமார் 51 சென்டிமீட்டர். அதைவிட நீளமானது 25 அங்குலம், சுமார் 64 சென்டிமீட்டர். மாடல் எண்ணோடு சேர்த்து 'எஸ்' என்று போட்டிருந்தால் குட்டை, 'எல்' என்றால் நீளம் என்பது பெரும்பாலும் வழக்கம். ஆனால் எழுத்தை மட்டும் நம்பிவிடாதீர்கள். கம்பெனிக்குக் கம்பெனி ஓரிரு அங்குலம் வித்தியாசம் உண்டு. பழைய மோட்டார் என்றால் உள்ளே என்ன மாற்றினார்களோ, யார் கண்டது? டேப்பை எடுத்து அளப்பதுதான் சரி.

எங்கிருந்து எதுவரை அளப்பது? இங்கேதான் பலர் தவறு செய்கிறார்கள். மோட்டாரை மாட்டுகிற கொக்கி பலகையின் மேல் விளிம்பில் உட்காரும் இடம் இருக்கிறதல்லவா, அங்கே ஆரம்பியுங்கள். விசிறிக்கு, அதாவது புரொப்பெல்லருக்கு, சற்று மேலே தட்டையாக ஒரு தகடு நீட்டிக்கொண்டிருக்கும். அதுவரை அளக்க வேண்டும். விசிறியின் நடுவு வரையிலோ, அதற்கும் கீழே கத்திபோல நிற்கிற நுனி வரையிலோ அளந்தால் கணக்குத் தப்பிவிடும். அந்தத் தகடு சும்மா அழகுக்கு வைத்ததில்லை. மேலேயிருந்து காற்று விசிறிக்குள் இறங்காமல் தடுப்பது அதன் வேலை.

இனி படகை அளப்போம். படகைக் கரையிலே சமமாக நிறுத்துங்கள். நேரான சட்டம் ஒன்றைப் படகின் அடியோடு ஒட்டி வைத்து, பின்பக்கம் ஓர் அடி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும்படி பிடியுங்கள். பின்பலகையின் நடுவிலே, மோட்டார் மாட்டுகிற மேல் விளிம்பிலிருந்து ஒரு தூக்குக்குண்டு விடுங்கள். விளிம்பிலிருந்து அந்தச் சட்டம் வரைக்கும் நூல் எத்தனை அங்குலமோ, அதுதான் உங்கள் படகின் அளவு. பின்பலகை வெளிப்புறமாகச் சாய்ந்திருக்கும். அந்தச் சாய்வோடு டேப்பை வைத்து அளந்தால் அதிகமாகக் காட்டும். நேர்குத்தாக அளக்க வேண்டும் என்பதை மறந்துவிடாதீர்கள்.

இப்போது இரண்டு அளவையும் பக்கத்தில் வையுங்கள். மோட்டாரின் தகடு படகின் அடிமட்டத்துக்குச் சமமாகவோ, ஓர் அங்குலம் கீழேயோ வந்தால் பொருத்தம் சரி. ஏராக் கட்டை தடிப்பாகப் பின்பலகை வரைக்கும் ஓடி வருகிற படகாக இருந்தால், அதற்குப் பின்னால் தண்ணீர் கலங்கி நுரைத்து வரும். அப்படிப்பட்ட படகுக்கு இன்னும் ஓர் அங்குலம் ஆழம் கொடுப்பது நல்லது.

"ஏன் அண்ணாச்சி, அஞ்சு அங்குலத்திலே என்ன குடிமுழுகிப் போகுது?" என்று கேட்பீர்கள். 20 அங்குலப் பலகையிலே 15 அங்குல மோட்டாரை மாட்டினோம் என்று வைத்துக்கொள்வோம். தகடு படகின் அடியைவிட 5 அங்குலம் மேலே நிற்கும். விசிறியின் ஒரு பகுதி படகுக்குப் பின்னாலே மறைந்துவிடும். அதற்கு நல்ல தண்ணீர் கிடைக்காது. அமைதியான தண்ணீரிலே எப்படியோ ஓடும். அலை வந்து படகின் பின்பக்கத்தைத் தூக்குகிறபோதுதான் வினை. விசிறி காற்றை இழுக்கும். எஞ்சின் ஓவென்று அலறும், படகு நகராது. இந்த மோட்டாரிலே திருப்புகிற சக்தியும் விசிறியிடம்தான் இருக்கிறது. விசிறி பிடிப்பை விட்டால் சுக்கானும் போன மாதிரி. அலைக்குக் குறுக்கே படகு திரும்பிவிட்டால் கவிழ எத்தனை நேரம் ஆகும்?

இன்னொரு கேடும் உண்டு. எஞ்சினைக் குளிர வைக்கிற தண்ணீரை இழுக்கும் துவாரம் பெரும்பாலான மோட்டார்களில் அந்தத் தகட்டுக்குக் கீழேதான் இருக்கிறது. துவாரம் தண்ணீரை விட்டு வெளியே வந்தால் பம்புக்குள் இருக்கிற ரப்பர் இம்பெல்லர் காய்ந்து தேயும். எஞ்சின் சூடேறி பிஸ்டன் பிடித்துக்கொள்ளும். மலிவாக வாங்கிய மோட்டார் அப்போது மலிவாக இருக்காது.

சரி, நீளமாகவே வாங்கிவிட்டால் தொல்லை இல்லையே என்று நினைக்கலாம். அதுவும் தப்பு. 15 அங்குலப் பலகையிலே 20 அங்குல மோட்டாரைத் தொங்கவிட்டால், தேவையில்லாத 5 அங்குலம் தண்ணீருக்குள் இழுபடும். வேகம் குறையும், எரிபொருள் கூடும், பின்னாலிருந்து தண்ணீர் வாரி அடிக்கும். நெம்புகோல் நீளும்போது பலம் கூடுகிற மாதிரி, பின்பலகைக்கும் இழுவை அதிகமாகும். மணல் கரையிலே படகை ஏற்றுகிற நம்மவர்களுக்கு, விசிறி 5 அங்குலம் முன்னாடியே தரை தட்டும்.

இந்தச் சங்கடம் புதிதல்ல. 1979-ல் சென்னையை மையமாக வைத்துத் தொடங்கிய வங்காள விரிகுடாத் திட்டத்திலே கரையேறும் படகுகளை வடிவமைத்தார்கள். அவர்களுக்கும் இதுதான் தலைவலி: விசிறி ஆழத்திலும் இருக்க வேண்டும், மணலிலே இடிக்கவும் கூடாது. அதற்காக டீசல் எஞ்சினையும் தண்டையும் சேர்த்தே சாய்த்து, விசிறியைத் தூக்கும் ஏற்பாட்டைச் சில படகுகளில் அமைத்தார்கள். நமது அவுட்போர்டு மோட்டாரில் தூக்கிச் சாய்க்கும் வசதி முதலிலிருந்தே இருக்கிறது. ஆனால் அது கரையேறும்போது தூக்கத்தான். தப்பான நீளத்தைச் சரிசெய்ய அல்ல. சாய்த்து ஓட்டினால் விசிறி தண்ணீரை நேராகப் பின்னோக்கித் தள்ளாமல் மேல்நோக்கித் தள்ளும். படகின் மூக்கு எழும்பும், பின்பக்கம் அமிழும். ஓடும்போது தகடு தண்ணீர் மட்டத்துக்கு இணையாக இருக்க வேண்டும்.

பலகையின் அளவு 17, 18 அங்குலம் என்று இரண்டுக்கும் நடுவிலே வந்தால் என்ன செய்வது? 20 அங்குல மோட்டாரையே எடுங்கள். உறுதியான மரக்கட்டை ஒன்றை இரண்டு அங்குல உயரத்துக்குப் பின்பலகையின் மேல் வைத்து, துருப்பிடிக்காத போல்ட்டால் ஊடுருவ முடுக்கி உயர்த்திக்கொள்ளலாம். பலகையை உயர்த்துவது சுலபம். ஷாஃப்டை நீட்டுவது கஷ்டம். சில மாடல்களுக்கு நீட்டிக்கிற உதிரிப் பாகங்கள் கிடைத்தாலும் உள்தண்டு, தண்ணீர்க் குழாய், கியர்க் கம்பி எல்லாவற்றையும் மாற்ற வேண்டியிருக்கும்.

ஒன்றை மட்டும் செய்யவே செய்யாதீர்கள். குட்டை மோட்டார் எட்டவில்லை என்று படகின் பின்பலகையை அறுத்து இறக்காதீர்கள். பின்னாலிருந்து வருகிற அலையைத் தடுப்பது அந்த அஞ்சு அங்குலம்தான். அதை அறுத்தால் கடலுக்கு நீங்களே வாசல் திறந்துவிட்ட மாதிரி.

இரண்டு பக்கமும் கூர்மையான வள்ளத்துக்குப் பின்பலகை கிடையாது. மோட்டாரைத் தாங்குகிற சட்டத்தின் மேல் விளிம்பிலிருந்து, அந்த இடத்தில் படகின் அடி எவ்வளவு ஆழமோ அதுவரை அளந்துகொள்ளுங்கள். வலையும் மீனும் இல்லாமல் வெறும் படகாகப் போகும்போது பின்பக்கம் உயர்ந்து நிற்கும். ஆகவே காலியாகவும் பாரத்தோடும் இரண்டு விதமாகவும் ஓட்டிப் பாருங்கள்.

அமைதியான நாளில் முதல் வெள்ளோட்டம் விடுங்கள். திருப்பும்போது எஞ்சின் அலறினால் மோட்டார் மேலே நிற்கிறது என்று அர்த்தம். நேராக ஓடும்போது பின்னாலே தண்ணீர் வாரி அடித்தால் ஆழம் அதிகம். அரை அங்குலம் உயர்த்திப் பாருங்கள். பின்பக்கம் பீய்ச்சுகிற தண்ணீர் நிற்காமல் வருகிறதா என்று கவனியுங்கள். அதிர்விலே திருகு தளரும். மோட்டாரைப் படகோடு சேர்த்து ஒரு சங்கிலியால் கட்டிவிடுங்கள்.

ஆக நண்பர்களே, கடைக்குப் போகும்போது பணத்தோடு ஒரு துண்டுச் சீட்டும் சட்டைப்பையில் இருக்கட்டும். அதிலே உங்கள் பின்பலகையின் உயரத்தை அங்குலத்தில் எழுதிக்கொள்ளுங்கள். விற்கிறவர் என்ன சொன்னாலும் சரி, டேப்பை வைத்து அளந்த பிறகு விலை பேசுங்கள். அளப்பதற்குக் கால் மணி நேரம்தான் ஆகும்.