‘டிபிபி.டிஎல்எல் காணோம்’ என்கிறதா கணினி? அந்தக் கோப்புக்கு என்ன வேலை?

புதிதாக நிறுவிய வீடியோ எடிட்டிங் மென்பொருளையோ முப்பரிமாண மென்பொருளையோ திறக்கும்போது, சில சமயம் ஒரு சின்னப் பெட்டி எட்டிப் பார்க்கும். ‘டிபிபி.டிஎல்எல்’ கோப்பு இல்லாததால் தொடர முடியவில்லை என்பது முதல் வரி. மென்பொருளை மறுபடி நிறுவினால் சரியாகலாம் என்பது இரண்டாவது வரி. பலரும் முதல் வரியோடு நிறுத்திக்கொண்டு, கோப்பின் பெயரை கூகுளில் தேடப் போய்விடுகிறார்கள். ‘இலவச டிஎல்எல்’ தளங்கள் காத்திருப்பது அங்கேதான்.

டிஎல்எல் என்பது பல நிரல்கள் பொதுவாகப் பயன்படுத்தும் செயல்பாடுகளைத் தனியே எடுத்து வைத்த கோப்பு. லினக்ஸில் இதே வகைக் கோப்புகள் ‘.எஸ்ஓ’ என்று முடியும். டிபிபி என்பது ‘த்ரெடிங் பில்டிங் பிளாக்ஸ்’ என்பதன் சுருக்கம். இன்டெல் 2006-ல் வெளியிட்டு, அடுத்த ஆண்டே ஓப்பன் சோர்ஸ் ஆக்கிய லைப்ரரி இது. பிளெண்டர், மாயா போன்ற மென்பொருள்கள் இதை நம்பியிருக்கின்றன.

இதற்கான தேவை எப்படி வந்தது? பிராசஸரின் வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனதில் சூடு தாங்கவில்லை. 4 கிகாஹெர்ட்ஸ் பென்டியம் 4 திட்டத்தை 2004-ல் இன்டெல் கைவிட்டது. அடுத்த ஆண்டு, ஒரே சில்லில் இரண்டு கோர் என்ற பாதைக்கு மாறியது. ஆனால், கோர் கூடினால் மட்டும் போதாதே! வேலையை யாராவது பிரித்துக் கொடுக்க வேண்டும்.

கல்யாண வீட்டுச் சமையல்கட்டை நினைத்துக்கொள்ளுங்கள். காய் நறுக்க நான்கு பேர்; ஆளுக்கு நான்கு கூடை. கணக்கு சரிதான். ஆனால், ஒருவருக்கு வந்தது பூசணி, இன்னொருவருக்கு வாழைப்பூ. பூசணிக்காரர் சீக்கிரமே முடித்துவிட்டு சும்மா உட்கார்ந்திருப்பார். வாழைப்பூக்காரர் விடிய விடிய நரம்பு எடுத்துக்கொண்டிருப்பார். சரி, ஒரு மேற்பார்வையாளரை நிறுத்தலாமா? எல்லோரும் ஒவ்வொரு கூடைக்கும் அவர் முன்னால் வரிசையில் நிற்க வேண்டிவரும்.

டிபிபி-யின் வழி வேறு. கை ஓய்ந்தவர், யாராவது ஒருவரின் அடுக்கிலிருந்து தானாகவே ஒரு கூடையை எடுத்துக்கொள்வார். அதுவும் அடியில் கிடக்கும் கூடையை. மேலே இருப்பதில் உரியவர் வேலை செய்துகொண்டிருப்பதால் மோதல் குறைவு. தவிர, முதலில் வைத்தது பெரும்பாலும் பெரிய வேலையாகவே இருக்கும்; அடிக்கடி போய் எடுக்க வேண்டாம். இதற்குப் பெயரே ‘வேலைத் திருட்டு’. எம்ஐடி-யில் 1990-களில் உருவான ‘சில்க்’ என்ற மொழியில் ஊன்றிய யோசனை இது.

அப்படியானால் இதை ஏன் தனிக் கோப்பாக வைக்க வேண்டும், ஒவ்வொரு நிரலுக்குள்ளும் ஒரு நகலைப் பொதித்துவிடலாமே? இங்கேதான் விஷயம் இருக்கிறது. ஒரு மென்பொருளும் அதன் இரண்டு பிளக்-இன்களும் ஆளுக்கொரு டிபிபி வைத்துக்கொண்டால், எட்டு கோர் கணினியில் ஒவ்வொன்றும் எட்டு எட்டு த்ரெட்களை எழுப்பும். 24 பேர் எட்டு அரிவாள்மனைக்கு அடித்துக்கொள்வது மாதிரி. ஒரே கோப்பைப் பகிர்ந்தால்தான் மொத்த வேலையும் ஒரே கணக்கில் வரும்.

‘ஓபன்எம்பி’ என்ற இன்னொரு முறையிலும் இதே தொல்லை உண்டு. இன்டெல்லின் ஓபன்எம்பி நகல்கள் இரண்டு ஒரே நிரலுக்குள் ஏறினால் பைத்தானில் ‘பிழை 15’ வரும். ஒரு வரி சேர்த்தால் அதை அடக்கிவிடலாம் என்று மாணவர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்வார்கள். ஆனால், நிரல் நின்றுபோகலாம், விடை சத்தமில்லாமல் தப்பாகலாம் என்று அந்தப் பிழைச் செய்தியே எச்சரிக்கிறது. புராஜெக்ட் முடிவுகளை அந்த விடையை நம்பியா எழுதுவது?

டிபிபி-க்குத் திரும்புவோம். கண்ட தளத்தில் இறக்கிய டிஎல்எல், அதை அழைக்கும் மென்பொருளுக்கு உள்ள அத்தனை அனுமதிகளுடனும் ஓடும். உள்ளே என்ன ஒளிந்திருக்கிறது என்று பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. நல்ல கோப்பே கிடைத்தாலும் 32 பிட், 64 பிட் பொருந்த வேண்டும். 2021 பதிப்பில் உள்ளமைப்பு மாறியதால் விண்டோஸ் கோப்பின் பெயரும் ‘டிபிபி12.டிஎல்எல்’ ஆனது. அதைப் பழைய பெயருக்கு மாற்றி வைத்தாலும் பழைய மென்பொருளுக்கு ஆகாது.

மென்பொருளை நீக்கிவிட்டு, தயாரித்த நிறுவனத்தின் தளத்திலிருந்தே மறுபடி நிறுவுங்கள். நிறுவும்போது ஆன்டிவைரஸ் எதையாவது தனிமைப்படுத்தியதா என்றும் ஒருமுறை பாருங்கள். காணாமல்போன கோப்பு சில சமயம் அங்கேதான் இருக்கும்.