லெக்கர் பூச்சை எப்போது, எப்படித் தேய்க்க வேண்டும்?

யட்டியாந்தோட்டைப் பக்கம் பலாப்பலகையிலோ மஹோகனியிலோ அலுமாரி செய்து லெக்கர் அடிப்பவர்களுக்கு முதல் தொல்லை மழைதான். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவமழை, காற்றெல்லாம் ஈரலிப்பு. தின்னர் வேகமாக ஆவியாகும்போது பூச்சின் மேற்பரப்பு குளிர்ந்து, காற்றிலுள்ள ஈரம் அதில் படியும். பூச்சு பால் படர்ந்ததுபோல் வெளுத்துவிடும். இதைத் தேய்த்துப் போக்க முனைய வேண்டாம். மழை விட்ட முற்பகலில் மெல்லியதாகத் தின்னர் விசிறினால் பூச்சு இளகி, ஈரம் வெளியேறி, பெரும்பாலும் தெளிந்துவிடும்.

அப்படியானால் சாண்ட் பேப்பர் எதற்கு? வார்னிஷில் அடுத்த கோட் பிடிக்கச் சொரசொரப்பு வேண்டும். நைட்ரோசெலுலோஸ் லெக்கருக்கு அது தேவையில்லை. புதிய கோட்டின் தின்னரே பழைய கோட்டைக் கரைத்து, இரண்டையும் ஒன்றாக்கிவிடும். ஒட்டியிருக்கும் தூசி, எழும்பி நிற்கும் மரநார், வழிந்து உறைந்த துளி ஆகியவற்றை மட்டமாக்கத்தான் தேய்க்கிறோம்.

வெறும் பலகைக்கு 180 நம்பர் தாள், பிறகு 240. அடிப்பூச்சான சாண்டிங் சீலர் காய்ந்ததும் 320. லெக்கர் கோட்டுகளுக்கு இடையே 400. தாளை ஒரு கட்டையில் சுற்றி, மரத்தின் ரேகை ஓடும் திசையிலேயே லேசாகத் தேய்க்க வேண்டும். விளிம்பில் பூச்சு மெல்லியது; இரண்டு இழுப்பு கூடினாலும் மரம் தெரிந்துவிடும்.

பூச்சு காய்ந்ததா என்பதைத் தாளே சொல்லும். வெள்ளை மாவாக உதிர்ந்தால் தொடரலாம். சிறு உருண்டைகளாகத் தாளில் ஒட்டினால் நிறுத்திவிட்டு மறுநாள் பாருங்கள். மாவைத் துடைத்து, சாய்வான வெளிச்சத்தில் பாருங்கள். மங்கிய இடம் தாள் பட்ட இடம்; மினுங்கும் புள்ளி பள்ளம். பள்ளத்தை மட்டும் விரலால் தேய்த்தால் அது இன்னும் ஆழமாகும். அடுத்த கோட் அதை நிரப்பட்டும்.

கடைசிக் கோட்டுக்குப் பிறகு ஒரு வாரமாவது பொறுங்கள். மழைக்காலத்தில் இன்னும் கூடுதலாக. பின்பு 1000, 1500 நம்பர் வாட்டர் பேப்பரைச் சோப்புத் தண்ணீரில் நனைத்துத் தேய்த்து, ரப்பிங் கொம்பவுண்டால் மினுக்கலாம். மெட் பூச்சு என்றால் இந்த வேலையே வேண்டாம்; தேய்த்தால் அது திட்டுத்திட்டாக மினுங்கும்.

உதிரும் மாவு எளிதில் தீப்பற்றும். அதைக் குவித்து வைக்காதீர்கள்; அடுப்பு, பீடி எதுவும் அருகே கூடாது. முகக்கவசம் இல்லாமல் தேய்க்கவும் கூடாது.