தாய்மொழியை மேடையேற்றிய லிடியா

பள்ளி ஆண்டு விழாவில் தமிழ் நாடகம் நடித்திருப்பீர்கள்தானே, குழந்தைகளே? தாய்மொழியில் நாடகம் பார்க்க வழியில்லாமல் இருந்தது ஒரு நாடு. பால்டிக் கடலோரம் உள்ள எஸ்தோனியாதான் அது!

சுமார் 150 ஆண்டுகளுக்கு முன், அந்நாடு ரஷ்யப் பேரரசின் கீழ் இருந்தது. நிலமெல்லாம் ஜெர்மானியப் பிரபுக்கள் கையில். நாடக மேடையிலும் ஜெர்மன் மொழிதான். எஸ்தோனிய மொழியைக் 'குடியானவர் பேச்சு' என்று இளக்காரமாக நினைத்தார்கள்.

அங்கே, 1843ல் பிறந்தவர் லிடியா. தந்தை பத்திரிகை ஆசிரியர். அவருக்கு உதவிக்கொண்டே கவிதைகளும் எழுதினார் லிடியா. பெண்கள் எழுதுவதை ஏற்காத காலம் அது. அதனால், 1867ல் வந்த அவரது கவிதை நூலில் அவர் பெயரே இல்லை! பிறகு, 'கொய்டுலா' என்ற புனைபெயரே நிலைத்தது. 'கொய்ட்' என்றால் விடியல்.

1870 ஜூன் 24. டார்ட்டு நகரில், 'வானெமுயினே' சங்கத்தின் 5ம் ஆண்டு விழா. ஜெர்மன் நாடகம் ஒன்றைத் தழுவி, 'சாரெமா தீவின் மாமன் மகன்' என்ற நகைச்சுவை நாடகத்தை எஸ்தோனிய மொழியில் எழுதி, இயக்கினார் லிடியா. பெண் வேடத்தைக்கூட ஆண்தான் போட்டார். ஆனால், நடிக்கச் சொல்லிக் கொடுத்தவரோ 26 வயதுப் பெண்! தங்கள் பேச்சையே மேடையில் கேட்ட மக்கள் மகிழ்ந்தனர்.

1872ல், முழுக்கத் தன் சொந்தக் கதையையே நாடகமாக்கினார். அடுத்த ஆண்டு திருமணமாகி, ரஷ்யாவின் குரோன்ஷ்டாட் நகருக்குப் போனார். 1886ல், 42 வயதில் மறைந்தார்.

அவர் ஏற்றிய விளக்கு அணையவில்லை. 'வானெமுயினே' 1906ல் தொழில்முறை நாடகக் குழுவானது. இன்றும் நாடகங்கள் நடத்துகிறது. லிடியாவின் நாடகம் அரங்கேறிய அந்த நாளையே, எஸ்தோனிய நாடகத்தின் பிறந்த நாளாகக் கருதுகிறார்கள்.

அடுத்த முறை மேடையேறி, தமிழில் வசனம் பேசும்போது லிடியாவை நினைத்துக்கொள்வீர்களா, செல்லங்களே?